40 வருஷம் தாலி செய்தவனுக்குத் தாலி என்றால் என்ன என்று தெரியாதா?

உரைகல் எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். சிராங்கூன் ரோட்டுப் பக்கம் ஒரு சின்ன நகைப் பட்டறையில் வேலை செய்கிறேன். வயது 63. அப்பாவிடம் தொழில் கற்று 40 வருஷத்துக்கு மேல் ஆகிறது. பள்ளிப் படிப்பு உயர்நிலை நான்கோடு சரி. ஆனால் படிக்கும் ஆசை விட்டதில்லை. போன வருஷத்திலிருந்து ஞாயிற்றுக்கிழமைகளில் ஒரு வாசிப்பு வட்டத்துக்குப் போய் வருகிறேன். ஏழெட்டுப் பேர் கூடுவோம். ஒருவர் ஆங்கிலத்தில் வாசிப்பார், மற்றவர்கள் தமிழில் பேசுவோம். இப்போது கிரேக்கத் தத்துவஞானி பிளேட்டோ எழுதியது போய்க்கொண்டிருக்கிறது.

இரண்டு விஷயம் ஒரே வாரத்தில் நடந்தது. இரண்டும் சேர்ந்து என்னைத் தூங்கவிடவில்லை.

முதலாவது. அக்கா தங்கை இரண்டு பேர் பட்டறைக்கு வந்தார்கள். அம்மா தவறி ஒரு வருஷம் ஆகிறதாம். அப்பா அதற்குப் பல வருஷம் முன்பே போய்விட்டார். அப்போது கழற்றி வைத்த தாலி, மஞ்சள் துணியில் சுற்றி அலமாரியில் 12 வருஷம் இருந்திருக்கிறது. அதை உருக்கி ஆளுக்கொரு மோதிரம் செய்ய வேண்டும் என்றார்கள். எடை போட்டேன், 9.4 கிராம். ரசீது எழுதும்போது தங்கை கேட்டார்: "அண்ணே, உருக்கினதுக்கு அப்புறமும் அது அம்மா தாலியாத்தான் இருக்குமா?" நான் தலையைக்கூட நிமிர்த்தாமல், "தங்கம் எங்கேம்மா போகப்போவுது, அதேதான்" என்றேன். அவர் ஒன்றும் சொல்லாமல் போய்விட்டார். அந்த முகம் இன்னும் என் கண்ணில் நிற்கிறது.

இரண்டாவது. அந்த ஞாயிறு நாங்கள் படித்தது பிளேட்டோ எழுதிய 'மெனோன்' என்ற உரையாடல். நல்லொழுக்கம் என்றால் என்ன என்று அதில் பிளேட்டோவின் ஆசிரியர் சாக்ரடீஸ் கேட்கிறார். ஆணுக்கு இது, பெண்ணுக்கு இது, பிள்ளைக்கு இது, கிழவனுக்கு இது என்று மெனோன் அடுக்குகிறார். ஒன்றைக் கேட்டேன், நீ தேனீக் கூட்டத்தையே கொண்டுவந்து விட்டாயே என்கிறார் சாக்ரடீஸ். தேனீக்கள் அளவில், அழகில் வேறுபடலாம். தேனீ என்ற முறையில் அவை ஒன்றுக்கொன்று வேறா? எல்லாவற்றையும் தேனீ ஆக்குகிற அந்த ஒன்று எது? அதைச் சொல் என்கிறார்.

படித்து முடித்ததும், அவரவர் தொழிலில் ஒரு பொருளை எடுத்து அதேபோல் வரையறுத்துப் பார்க்கலாம் என்றார்கள். நான் தாலியை எடுத்தேன். என் கையால் எத்தனை செய்திருப்பேன் என்று கணக்கே இல்லை. சுலபம் என்று நினைத்தேன்.

தங்கத்தில் செய்வது என்றேன். மஞ்சள் கிழங்கைக் கயிற்றில் கட்டினாலும் தாலிதானே என்றார் ஒரு அம்மா. உண்மை. என் பாட்டிக்கே அப்படித்தான் கட்டினார்களாம். சரி, உருவம் என்றேன். என்ன உருவம்? பொட்டுத்தாலி ஒரு மாதிரி. பிள்ளையார் வைத்தது ஒரு மாதிரி. கிறிஸ்துவக் குடும்பங்களுக்குச் சிலுவையோ புறாவோ வைத்துச் செய்கிறேன். தெலுங்குக் குடும்பங்கள் இரண்டு வட்டமாகக் கேட்பார்கள். செட்டியார் வீட்டுக் கழுத்துருவோ ஒரு கை நிறையத் தொங்கும். இவற்றுக்குப் பொதுவாக ஒரு கோடுகூட வரைய முடியாது. கடைசியில், கல்யாணத்தில் மாப்பிள்ளை கட்டுவது என்றேன். அப்படியானால் உங்கள் மேசை டிராயரில் இன்னும் யாரும் கட்டாமல் இருப்பது என்ன என்றார் பல்கலைக்கழகத்தில் படிக்கும் ஒரு தம்பி. என்னிடம் பதில் இல்லை. அவர் தொடர்ந்து சொன்னது: "வரையறுக்கத் தெரியவில்லை என்றால் அது உங்களுக்குத் தெரியாது என்பதுதான் சாக்ரடீஸின் முடிவு."

அவர் மரியாதையில்லாமல் சொல்லவில்லை. ஆனால் பஸ்ஸில் வீடு திரும்பும்போது மனது கனத்துக் கிடந்தது. ஒரு தாலி சரியாக அமைந்திருக்கிறதா என்று என் கண் ஒரு நொடியில் சொல்லும். இது எனக்குத் தெரியாது என்றால், தெரிவது என்றால்தான் என்ன?

கிரேக்கச் சிந்தனை படித்தவர்கள் இங்கே இருப்பீர்கள். கேள்வி இரண்டு. தாலியைத் தாலி ஆக்குவது எது? அதைச் சொல்லத் தெரியாத நான், அதை அறிந்தவனா இல்லையா?

தோ பாயோ வாசகி எழுதியது:

ஐயா, வணக்கம். நான் ஓய்வுபெற்ற தமிழாசிரியை. முதலில் உங்கள் இரண்டாவது கேள்விக்கு வருகிறேன். உங்களை வருத்தியது அதுதான் என்று படுகிறது.

அந்தத் தம்பி சொன்னதில் பாதி சரி. பிளேட்டோ எழுதிய பல உரையாடல்களில் சாக்ரடீஸ் வரையறை கேட்டுத்தான் ஆளை மடக்குகிறார். ஆனால் அவரும் வரையறையோடு எழுந்து போவதில்லை. அறிவு என்றால் என்ன என்பதற்கென்றே 'தியேட்டிடஸ்' என்று ஒரு முழு உரையாடல் இருக்கிறது. புலனால் உணர்வதே அறிவு என்று முதலில் ஒரு விடை. பிறகு, உண்மையான எண்ணமே அறிவு. பிறகு, விளக்கத்தோடு கூடிய உண்மையான எண்ணம். மூன்றும் உடைகின்றன. நான்காவது ஒன்றைத் தராமலே உரையாடல் முடிகிறது. அதற்காக அங்கே இருந்தவர்கள் யாருக்கும் எதுவும் தெரியாது என்று ஆகிவிடுமா?

அதே உரையாடலில் உங்களுக்குப் பிடிக்கக்கூடிய ஓர் இடம் உண்டு. களிமண் என்றால் என்ன என்று கேட்டால், குயவர் களிமண், அடுப்பு செய்பவர் களிமண், செங்கல் அறுப்பவர் களிமண் என்று அடுக்குவது விடையாகாது, ஈரத்தில் பிசைந்த மண் என்று சொன்னால் போதுமே என்கிறார் சாக்ரடீஸ். களிமண்ணுக்கு அப்படி ஒரு வரி கிடைக்கிறது. அறிவுக்குக் கிடைக்கவில்லை. தாலிக்கும் கிடைக்கவில்லை. எல்லாப் பொருளும் ஒரே மாதிரி பிடிபடும் என்று யார் சொன்னது?

இன்னொன்றை நீங்கள் கட்டாயம் படிக்க வேண்டும். நீதிமன்றத்தில் சாக்ரடீஸ் பேசியதாகப் பிளேட்டோ எழுதியது. தன்னைவிட அறிவுள்ளவர் யார் என்று தேடிப் போன கதையை அங்கே சொல்கிறார். அரசியல்வாதிகளிடம் போனார், ஏமாற்றம். கவிஞர்களிடம் போனார். அழகாக எழுதுகிறார்கள், ஆனால் தாங்கள் எழுதியதற்கே விளக்கம் சொல்லத் தெரியவில்லை. கடைசியாகக் கைவினைஞர்களிடம் போகிறார். இவர்களுக்கு நல்ல விஷயங்கள் பல தெரியும், எனக்குத் தெரியாததெல்லாம் தெரியும், அந்த வகையில் என்னைவிட அறிவாளிகள் என்று வெளிப்படையாக ஒப்புக்கொள்கிறார். அதற்கடுத்து ஒரு குறையும் சொல்கிறார். தொழில் நன்றாகத் தெரிந்த காரணத்தாலேயே மிகப் பெரிய விஷயங்களும் தமக்குத் தெரியும் என்று அவர்கள் நினைத்துவிட்டார்களாம். அந்தக் குறை உங்களிடம் இல்லை. இருந்திருந்தால் இந்தக் கேள்வியை எழுதியிருக்கமாட்டீர்கள்.

ஜூரோங் பொறியாளன் எழுதியது:

இதில் இவ்வளவு கஷ்டப்பட ஒன்றுமில்லை என்பது என் கருத்து. தாலி என்பது ஒரு பெயர். ஊர் கூடி ஒரு பெயரை எவற்றுக்கெல்லாம் வைத்ததோ அவையெல்லாம் தாலி. அவற்றுக்குள்ளே பொதுவாக ஒன்று ஒளிந்திருக்கிறது என்று தேடுவதுதான் தவறு. பிளேட்டோவின் காலத்திலேயே ஆன்டிஸ்தெனிஸ் என்ற கிரேக்கச் சிந்தனையாளர் இதைச் சொல்லிவிட்டார். குதிரையைப் பார்க்கிறேன், குதிரைத்தன்மையைப் பார்க்கவில்லை என்றாராம். மனிதன் என்றால் இறகில்லாத இருகால் பிராணி என்று பிளேட்டோ வரையறுத்தபோது, டயோஜெனிஸ் என்ற இன்னொரு சிந்தனையாளர் இறகு பிடுங்கிய சேவலைக் கொண்டுவந்து, இதோ பிளேட்டோவின் மனிதன் என்ற கதையும் உண்டு. பிறகு 'தட்டையான நகம் உடையது' என்று ஒட்டுப் போட்டார்களாம்.

வரையறை எப்போதும் பொருளுக்குப் பின்னால்தான் ஓடும். உங்கள் கைக்குத் தெரிந்தது போதும் அண்ணே.

கிளமெண்டி மாணவன் எழுதியது:

ஐயா, தத்துவம் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். (உங்கள் வட்டத்துக்கு வரும் தம்பி நான் இல்லை.)

பொறியாளர் அண்ணன் சொல்வதில் எனக்கு ஒரு தடை இருக்கிறது. வெறும் பெயர் என்றால், இதுவரை யாரும் செய்யாத ஒரு மாதிரியில் நாளைக்கு ஐயா ஒன்றைச் செய்தால், அது தாலியாக அமைந்ததா இல்லையா என்று அவரால் எப்படிச் சொல்ல முடிகிறது? ஊர் இன்னும் அதற்குப் பெயர் வைக்கவில்லையே. எதையோ பார்த்துத்தான் சொல்கிறார்.

பிளேட்டோவின் 'கிராட்டிலஸ்' என்ற உரையாடலில் ஒரு தச்சர் வருகிறார். தறிக்கு நாடா, அதாவது குறுக்கு நூலை ஓட்டும் கருவி, செய்கிறார். செய்துகொண்டிருக்கும்போதே நாடா உடைந்துவிடுகிறது. அடுத்ததை எதைப் பார்த்துச் செய்வார்? உடைந்ததைப் பார்த்தா? இல்லை. உடைந்ததைச் செய்யும்போது எதை மனதில் பார்த்துக்கொண்டிருந்தாரோ அதைப் பார்த்துத்தான். அதைத்தான் 'நாடா என்பதே அது' என்கிறார் பிளேட்டோ. மெல்லிய துணிக்கும் தடித்த துணிக்கும், லினன் துணிக்கும் கம்பளிக்கும் நாடாக்கள் வேறுவேறாக இருக்கலாம். எல்லாவற்றிலும் அந்த ஒன்று இருக்க வேண்டும். சற்றுத் தள்ளிக் கொல்லரைப் பற்றியும் சொல்கிறார். எல்லாக் கொல்லரும் ஒரே இரும்பில் வேலை செய்வதில்லை. இரும்பு வேறாக இருந்தாலும் அதே வடிவத்தை அதில் வைத்தால் கருவி சரிதான், இங்கே செய்தாலும் அயல்நாட்டில் செய்தாலும்.

இதில் 'வடிவம்' என்பது கண்ணுக்குத் தெரியும் உருவம் அல்ல. நீங்கள் பொட்டையும் சிலுவையையும் ஒப்பிட்டுப் பொதுக்கோடு தேடினீர்கள். அங்கே அது கிடைக்காது.

தாலிக்குப் பிளேட்டோவின் வடிவம் ஒன்று உண்டா என்று கேட்டால், அவரே தயங்கியிருப்பார். 'பார்மெனிடீஸ்' உரையாடலில் இளைஞர் சாக்ரடீஸ் நீதிக்கும் அழகுக்கும் வடிவம் உண்டு என்று உறுதியாகச் சொல்கிறார். மனிதன், நெருப்பு, தண்ணீர் என்று வரும்போது தடுமாறுகிறார். முடி, சேறு, அழுக்கு என்றதும் இல்லவே இல்லை என்கிறார். நீ இன்னும் சின்னப் பையன், அதனால்தான் இப்படிப் பேசுகிறாய் என்கிறார் கிழவர் பார்மெனிடீஸ். எனக்கு மிகவும் பிடித்த இடம் இது.

உரைகல் எழுதியது:

டீச்சர், தம்பிமார், நன்றி. எல்லாவற்றையும் இரண்டு தடவை படித்தேன்.

நாடா உடைந்த கதையைப் படித்ததும் பட்டறையிலேயே எழுந்து நின்றுவிட்டேன். அது எனக்கு நடந்திருக்கிறது. துண்டுகளை ஒட்டவைக்கும் பொடி வைத்து நெருப்பை ஊதும்போது சூடு கொஞ்சம் கூடி, பொட்டின் விளிம்பு வழிந்துவிடும். கெட்டதைப் பார்த்து யாரும் மறுபடி செய்யமாட்டார்கள். அயல்நாடு என்ற வார்த்தையும் என்னைத் தொட்டது. அப்பா நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறி வந்தவர். கையில் ஒரு வரைபடமும் கிடையாது. அங்கே செய்ததை இங்கே வேறு தங்கத்தில் செய்தார்.

பொறியாளர் தம்பிக்கு ஒரு வார்த்தை. பெயர் மட்டும்தான் என்றால் எனக்கு மனம் ஒப்பவில்லை. அலங்காரத்துக்காகத் தாலி மாதிரியே டாலர் செய்து போட்டுக்கொள்கிறார்கள். உருவம் அச்சு அசல். அதைத் தாலி என்று அழைத்தாலும் அது தாலி இல்லை என்று போட்டிருப்பவருக்கே தெரியும்.

ஆனால் ஒன்றைத் திருத்த வேண்டும். நான் அந்தத் தங்கையிடம் "அதே தங்கம்" என்றேன் இல்லையா? அதுவே சரியில்லை. பழைய நகையில் ஒட்டவைத்த பொடி கலந்திருக்கும், மாற்று, அதாவது தங்கத்தின் சுத்தம், குறைந்திருக்கும். மிஷினில் வைத்துப் பார்த்தேன், நூற்றுக்கு 90.8 பங்கு தங்கம் என்று வந்தது. 916-க்கு, அதாவது நூற்றுக்கு 91.6 பங்குக்கு, கொண்டுவர ஏறத்தாழ 0.9 கிராம் சுத்தத் தங்கம் சேர்த்து உருக்க வேண்டும். ஆக, மோதிரத்தில் இருக்கப்போவது அதே தாலியும் இல்லை, சொல்லப்போனால் அதே தங்கமும் இல்லை. வேறு எது மிச்சம்?

ஈசூன் தாதி எழுதியது:

அண்ணே, நான் கண் பிரிவில் 26 வருஷம் தாதியாக இருந்தவள். அரிஸ்டாட்டிலை நான் படிக்கத் தொடங்கியதே அவர் கண்ணைப் பற்றிச் சொன்ன ஒரு வரியால்தான். அதையே சொல்கிறேன்.

கண் ஒரு தனிப் பிராணியாக இருந்தால், பார்வைதான் அதன் உயிராக இருக்கும் என்கிறார். பார்வை போய்விட்டால் அது பெயரளவில்தான் கண், கல்லில் செதுக்கிய கண்ணைப்போல, படத்தில் வரைந்த கண்ணைப்போல. கண்ணை இழந்தவர்களுக்குச் செயற்கைக் கண் பொருத்துவதைப் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறேன். நிறம், நரம்புக்கோடு எல்லாம் அப்படியே இருக்கும். வீட்டாரும் கண் என்றுதான் சொல்வார்கள். அரிஸ்டாட்டில் சொன்னது அப்போதுதான் எனக்கு முழுதாக விளங்கியது. ஒரு பொருளின் வடிவம் என்று அவர் சொல்வது அதன் வெளித்தோற்றத்தை அல்ல. அது எதைச் செய்துகொண்டிருக்கிறதோ அதை.

இதற்கு அவர் ஒரு விசித்திரமான தொடர் வைத்திருக்கிறார். நம் தமிழில் சொன்னால், 'ஒன்று என்னவாக இருந்ததோ, அதுவாக இருப்பது'. சாரம், உள்ளியல்பு என்றெல்லாம் நாம் மொழிபெயர்க்கிறோம். எனக்கு அந்த நீளமான தொடர்தான் பிடிக்கும்.

உங்கள் தாலியை அதில் வைத்துப் பாருங்கள். டிராயரில் இருப்பது, தாலி ஆகக்கூடியது. கட்டினால் ஆகும். கழுத்தில் இருந்தது, தாலியாகவே இருந்தது. அலமாரியில் 12 வருஷம் இருந்தது, பார்வை போன கண்ணைப்போலப் பெயரளவில் தாலி. அப்படியானால் அந்தத் தாலி உங்கள் உலையில் அழியப்போவதில்லை அண்ணே. அவர்கள் அப்பா போன அன்றைக்கே அது முடிந்துவிட்டது.

இது கடுமையாக இருக்கலாம். நானும் தாலியைக் கழற்றி வைத்தவள்தான். எனக்கு இது ஆறுதலாக இருந்ததால் சொல்கிறேன்.

ஒன்றைச் சேர்க்க வேண்டும். அரிஸ்டாட்டில், பிளேட்டோவின் பள்ளியில் 17 வயதில் சேர்ந்து, ஆசிரியர் இறக்கும் வரை 20 வருஷம் அங்கே இருந்தவர். அப்படியிருந்தும் வடிவங்கள் தனியாக எங்கோ இருக்கின்றன என்பதை அவர் ஏற்கவில்லை. இந்த மனிதர், இந்தக் குதிரை, இவைதான் முதலில் இருப்பவை. பொதுமை இவற்றில்தான் இருக்கிறது, இவற்றை விட்டுத் தனியே இல்லை. அது நம் மனதுக்குள் எப்படி வருகிறது என்பதற்கு அவர் சொல்லும் உவமை எனக்கு மனப்பாடம். படை தோற்று ஓடும்போது ஒருவன் நிற்கிறான். அவனைப் பார்த்து இன்னொருவன் நிற்கிறான். பிறகு இன்னொருவன். அப்படியே அணி மறுபடி நிலைகொள்கிறது. ஒன்றைப் பார்க்கிறோம், நினைவில் நிற்கிறது. அதே மாதிரி பல நினைவு சேர்ந்து அனுபவம் ஆகிறது. அதிலிருந்து பொதுமை பிடிபடுகிறது. 40 வருஷத் தாலிகள் உங்களுக்குள் அப்படித்தான் வரிசையாக நிற்கின்றன.

கிளமெண்டி மாணவன் எழுதியது:

அம்மா, நீங்கள் சொன்ன அந்தக் கடைசி வரி இத்தனை நாள் வகுப்பில் எனக்குப் புரியாத ஒன்றைப் புரியவைத்தது. நன்றி. ஒன்று மட்டும் கேட்கிறேன். அனுபவம் உள்ளவருக்கு 'அது அப்படி' என்பது தெரியும், 'ஏன்' என்பது தெரியாது என்று அரிஸ்டாட்டில் அதற்கு மேல் ஒரு படி வைக்கிறாரே? 'மீஇயற்பியல்' நூலின் தொடக்கத்திலேயே, காரணம் அறிந்த தலைமைக் கைவினைஞரை உயர்த்திவிட்டு, சாதாரணக் கைவேலைக்காரர் நெருப்பு எரிவதுபோல, பழக்கத்தால் செய்கிறார்கள் என்கிறார்.

உரைகல் எழுதியது:

தம்பி, அந்த இடத்தில் அரிஸ்டாட்டிலோடு எனக்கு உடன்பாடில்லை. நெருப்பு எரிவதுபோல என்று சொல்பவர் உலை முன்னால் உட்கார்ந்து பார்த்திருக்கவேண்டும். வெண்காரம் எப்போது போடுவது, ஏன் போடுவது, பொடி ஏன் மாற்றைக் குறைக்கிறது, எல்லாவற்றுக்கும் எங்களிடம் காரணம் உண்டு. அறிந்தவனுக்கு அடையாளம் கற்பிக்க முடிவது என்று அவரே அங்கே சொல்வதாக எங்கள் வட்டத்தில் படித்தோம். இரண்டு பையன்களுக்கு நான் கற்பித்திருக்கிறேன். அவர்கள் செய்யும் தாலி என்னுடையதைவிட நன்றாக இருக்கிறது.

ஆனால் டீச்சர் சொன்ன அந்த நீதிமன்றப் பேச்சு என்னை விடவில்லை. அந்தக் குறை என்னிடம் இல்லை என்று டீச்சர் எழுதினார்கள். இருக்கிறது டீச்சர். அந்தத் தங்கை கேட்டது தங்கத்தைப் பற்றி இல்லை. நான் எனக்குத் தெரிந்த தொழிலை வைத்துக்கொண்டு, தலையை நிமிர்த்தாமல், அவர் கேட்ட பெரிய கேள்விக்குப் பதில் சொல்லிவிட்டேன். சாக்ரடீஸ் சந்தித்த கைவினைஞர்களும் இப்படித்தான் சொல்லியிருப்பார்கள்.

தாதி அம்மா சொன்னதை யோசித்தேன். தாலி அன்றைக்கே முடிந்தது என்பது எனக்கும் சரியாகப் படுகிறது. அதே நேரம், அலமாரியில் 12 வருஷம் மஞ்சள் துணிக்குள் இருந்தது எதையும் செய்யாமல் இருக்கவில்லை என்றும் தோன்றுகிறது. அந்த அம்மா அதை விற்கவில்லை, அடகுக்கடைக்குக் கொண்டுபோகவில்லை. அது தாலி வேலை இல்லை. வேறு ஒரு வேலை. அதற்குப் பெயர் எனக்குத் தெரியவில்லை. மோதிரம் அந்த வேலையைத் தொடர்ந்து செய்யுமா என்பதை நான் சொல்ல முடியாது. போட்டுக்கொள்ளப் போகிறவர்கள்தான் சொல்ல வேண்டும்.

நேற்று அந்தத் தங்கைக்குப் போன் செய்தேன். அன்றைக்கு நான் சொன்ன பதில் சரியில்லை என்று சொன்னேன். மாற்று குறைந்திருப்பதையும், 0.9 கிராம் புதுத் தங்கம் சேரும் என்பதையும் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, அந்தப் புதுத் தங்கத்துக்குத் தன் தோட்டில் ஒன்றைத் தரலாமா என்று கேட்டார். தரலாம், ஆனால் தோடும் 916 என்றால் கணக்கு வராது, அதைச் சுத்தம் பண்ணித்தான் சேர்க்க முடியும் என்றேன். சரி என்றார்.

சனிக்கிழமை காலை 10 மணிக்கு அக்கா தங்கை இரண்டு பேரையும் பட்டறைக்கு வரச் சொல்லியிருக்கிறேன். தங்கம் உருக்கும் மூசையில் போடும்போது பக்கத்தில் நிற்கட்டும்.